இடக்கோடியில் நின்ற ஹேசல்

ஆல்டர்விக் பள்ளியின் நூற்றாண்டு மலருக்காக, ஓய்வுபெற்ற ஆசிரியை பெரில், பள்ளி முழுவதும் வரிசையாக நிற்கும் 1965ஆம் வருஷத்து நீளப் புகைப்படத்தைச் சுவரிலிருந்து இறக்கினாள். அதை எடுத்த கேமரா இடமிருந்து வலமாக மெல்லத் திரும்பும். இடக்கோடியில் நிற்பவர் வரிசைக்குப் பின்னால் ஓடி வலக்கோடிக்குப் போய்விட்டால் படத்தில் இரண்டு முறை விழலாம். அன்று இடக்கோடியில் நின்ற பெரிலின் தங்கை ஹேசல் அப்படி ஓடப் பயந்து அங்கேயே நின்றுவிட்டாள்.

"அடுத்த வருஷம் ஓடிக் காட்டுறேன் பாருக்கா."

அடுத்த வருஷம் அவள் உயிரோடு இல்லை. வேலை பார்த்த காலமெல்லாம் பெரில் அந்தக் கோடியைத் தொட்டுவிட்டுத்தான் வகுப்புக்குப் போவாள்.

காவலாளி லென் கண்ணாடியைத் துடைத்தார். "இந்தக் கோடியில ஒரு ஆள் நிக்கிற இடம் காலியா இருக்கே, டீச்சர்?"

ஹேசல் நின்ற இடத்தில் புல்தான் இருந்தது. வலக்கோடியிலும் அவள் இல்லை. பெரில் நாற்காலியை வலக்கோடிப் பக்கம் இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள்.

"டீ போடவா, டீச்சர்?"

"ரெண்டு கப்பா போடுங்க, லென். நானூறு பேரைத் தாண்டி ஓடி வரா, மூச்சு வாங்கும்."