போர்த்தாத கோடி

சாயங்கால வெயில் ஜன்னல் கம்பிகளின் நிழலை மானிட்டர் மேல் போட்டிருக்கிறது. போர் விளையாட்டு மறுபடி பாதியில் உறைந்து அணைந்துவிட்டதால், ஜெயபாண்டி இத்தனை மாதமாகக் கட்டிய ராஜ்ஜியம் திரையில் இல்லை. நாற்காலியை மனைவிக்கு விட்டுவிட்டு, நகத்தைக் கடித்தபடி பின்னால் நிற்கிறான். முனீஸ்வரி திருப்பரங்குன்றத்தில் கம்ப்யூட்டர் சொல்லிக்கொடுப்பவள். அவள் விரல்களில் அவசரமே இல்லை. "கெடைக்குமா?" "தானா சேவ் ஆனது ஒண்ணு உள்ள கெடக்கு. பொறுங்க." விளையாட்டு திறக்கிறது. கோட்டை, பாலம், வரிசையாக யானைகள். "அம்புட்டும் வந்துருச்சு!" என்று அவள் தோளைப் பிடித்துக் குலுக்குகிறான். "இந்தக் கோட்டையத்தான அன்னைக்குப் புடிச்சீங்க?" என்கிறாள் திரும்பாமல். தோளிலிருந்து கை நழுவுகிறது. போன மாதம் பேரையூரில் அவள் அப்பா செத்துக் கிடந்த அன்று, "நீ முன்னால போ, இத முடிச்சிட்டு வாரேன்" என்றவன் அவன். மாமனார் பிணத்துக்கு மருமகன் போர்த்த வேண்டிய கோடித்துணியோடு அவன் போய் இறங்கியபோது சுடுகாட்டில் புகைதான் மிச்சமிருந்தது.

விளையாட்டை மூடி, அந்த சேவ் மேல் அம்புக்குறியை வைக்கிறாள். நிரந்தரமாக அழிக்கவா என்று கேட்கிறது திரையில் எழும் பெட்டி. "ஏ புள்ள, வேணாம்." அவன் முகத்தைப் பார்த்தபடியே என்டரைத் தட்டுகிறாள். பிறகு எழுந்து, பீரோவிலிருந்து மடிப்புக் கலையாத அந்தக் கோடியை எடுத்து உதறி, மானிட்டர் மேல் போர்த்துகிறாள். ஓரங்களை நீவிவிடுகிறாள். துணிக்குள் வெளிச்சம் இன்னும் எரிகிறது. "கும்புட்டுக்கங்க."