காக்கா ஷாட்

"மெஹராஜ் கண்ணா, உனக்கு யாரெல்லாம் இருக்கா? ஒரே ஒருத்தர் பேரைச் சொல்லேன்!"

பாதிச் சப்பாத்தியை ஜன்னல் விளிம்பில் பத்திரமாக வைத்துவிட்டு, ஆறு வயது மெஹராஜ் திரும்பினாள். "காக்கா."

சாருலதாவுக்குத் தலையைப் பிய்த்துக்கொள்ளலாம் போலிருந்தது. காலையிலிருந்து இதே பதில்தான்.

அப்பாவும் அம்மாவும் குடும்ப நீதிமன்றத்தில் பிரிந்து, அப்பா போன இடம் தெரியாமல், பிறகு அம்மாவும் போய்ச் சேர்ந்து, மும்பை தேவ்நார் பக்கத்துக் காப்பகத்துக்கு வந்த குழந்தை. சொந்தம் என்று ஒரு ஆளாவது தெரியாவிட்டால், குழந்தைகள் நலக் கமிட்டி நாளைக்கே அவளை நாக்பூரில் வேறொரு காப்பகத்துக்கு அனுப்பிவிடும். காப்பகத்தில் எல்லோருக்கும் மராட்டி, ஹிந்தி. அவளுக்கோ தமிழ் மட்டும். "நீங்கதான் பேச்சுக் கொடுத்துப் பாக்கணும்" என்று சூப்பரின்டென்டென்ட் கெஞ்சியிருந்தாள்.

சாருலதாவுக்குப் பெருமை பிடிபடவில்லை. கோர்ட்டும் கமிட்டியும் குழந்தைகள் சொல்வதைக் காதிலேயே வாங்குவதில்லை என்பதுதான் அவள் எடுக்கும் டாக்குமென்டரி. மாட்டுங்கா தமிழச்சி நான் இருக்க, இவளுக்கு என்ன கவலை!

"காக்கா கிடக்கட்டும்டி. மாமா, சித்தப்பா யாராவது?"

"காக்கா வருவாக. என்னயக் கூட்டிட்டுப் போவாக."

"பாரேன், காக்காய்க்கு என்ன மரியாதை!" சாருலதா சிரித்தாள். கேமராமேன் கௌசிக்கும் சிரித்தான்.

அந்த நேரம் பார்த்து கேட்டில் ஒரே கூச்சல். எவனோ ஓர் இளைஞன் வாட்ச்மேனிடம் ஹிந்தியில் மல்லுக்கு நின்றான்.

"ஐயோ, சவுண்ட் போச்சே! அந்த ஆளை முதல்ல துரத்தச் சொல்லு!" என்று கத்தினாள் சாருலதா.

மெஹராஜ் ஜன்னலுக்குப் பாய்ந்தாள். கம்பியைப் பிடித்துக்கொண்டு எம்பி எம்பி, "காக்கா! காக்கா!" என்று வீறிட்டாள்.

மதில்மேல் நிஜமாகவே ஒரு காகம் உட்கார்ந்திருந்தது. "கௌசிக், விடாதே! எடு, எடு!"

காகம் பறந்துவிட்டது. கேட்டில் சத்தமும் அடங்கியது. குழந்தை தேம்பித் தேம்பி அழுதாள். அடடா, என்ன ஷாட்! சாருலதாவுக்கே கண் கலங்கிவிட்டது.

பேர் மட்டும் கிடைக்கவில்லை. "அப்போ யாருமே இல்லைன்னு கமிட்டிக்கு எழுதி அனுப்பிடறேன்" என்றாள் சூப்பரின்டென்டென்ட்.

செம்பூர் வரும்வரை ஆட்டோவில் சாருலதாவுக்கு இருப்பே கொள்ளவில்லை. மனசுக்குள் என்னவோ நெருடிக்கொண்டே இருந்தது. ஷாட்டை எடிட்டர் ஷமீமாவுக்கு அனுப்பினாள். பூர்வீகம் காயல்பட்டினம் என்றாலும், ஷமீமா தாராவியிலேயே வளர்ந்தவள்.

உடனே போன் அடித்தது.

"எப்படி இருக்கு நம்ம காக்கா ஷாட்?"

மறுமுனையில் ஷமீமா பதறினாள்.

"அக்கா... எங்க வீடுகள்ல காக்கான்னா அண்ணன்!"