பக்கத்து இருக்கை

"சைரனை வண்டியில வைக்க வேண்டாம் தம்பி. சமையலறையில வை," என்றாள் வீட்டுக்கார அம்மாள்.

முப்பது வருஷத்து ஜப்பான் காரின் டாஷ்போர்டுக்கு அடியில் தலையைக் கொடுத்துக் கிடந்த எலக்ட்ரீஷியனுக்குச் சிரிப்பு வந்தது. மத்தியான வெயில் கண்ணாடி வழியே இறங்கி அவன் கண்ணைக் கூச வைத்தது.

"சத்தம் கேட்டுத் திருடன் பயப்பட வேண்டாமாக்கா?"

"எனக்குக் கேட்டாப் போதும். கதவைத் திறந்ததும் கேக்கணும்."

கதவைத் திறந்தால் எரியும் உள்விளக்கின் ஒயரில் அலாரத்தைச் சேர்த்தான். அங்கிருந்து இன்னொரு ஒயரை ஜன்னல் வழியாகச் சமையலறைக்கு இழுத்தான்.

"இப்படிக் கட்டிப் போட்டா வண்டியை எப்படிக்கா வெளியே எடுப்பீங்க?"

"அதைப் பாத்துக்கலாம்."

பாட்டரியில் இணைக்க பானட்டைத் தூக்கினான். பாட்டரி புதுசாக உட்கார்ந்திருந்தது. எஞ்சின் இருக்க வேண்டிய இடம் காலி.

இணைப்பைக் கொடுத்து நிமிர்ந்தபோது, வீட்டுக்குள்ளிருந்து அவள் கணவர் தலையை வாரிக்கொண்டு வந்தார். கதவைத் திறந்து ஸ்டியரிங் முன் உட்கார்ந்தார். சமையலறையில் சைரன் கூவியது.

ஈரக் கையோடு ஓடிவந்தவள் அவர் பக்கத்தில் ஏறிக்கொண்டாள்.

"சொல்லாம கிளம்பிடறார் தம்பி. பக்கத்துல நான் இல்லேன்னா பாதி வழியில பயந்துடறார்."

பெரியவர் ஸ்டியரிங்கை மெல்லத் திருப்பினார்.

"தம்பி எங்க போகணும்?"

எலக்ட்ரீஷியன் பானட்டைச் சத்தமில்லாமல் மூடிவிட்டுப் பின்சீட்டில் ஏறினான்.

"அடுத்த வளைவுல இறங்கிக்கறேன் ஐயா."