மீனலோசனியின் கழுத்து

அந்தக் கழுத்து முடியவே இல்லை.

தாடையில் தொடங்கி இறங்கிக்கொண்டே இருந்தது. தோள் வரும் என்று அவன் காத்திருந்தான். வரவில்லை.

பென்சிலை நீட்டி, ஒரு கண்ணை மூடி அளந்தான். முதலில் தலை. பிறகு கழுத்து. தவறாக அளந்துவிட்டோமோ என்று மறுபடி அளந்தான்.

அதே அளவுதான்.

மாலை ஓவிய வகுப்பின் சுவரில், புரொஜெக்டர் வெளிச்சத்தில் ஒரு மாதா. ஏறக்குறைய ஐந்நூறு வருடங்களுக்கு முன் இத்தாலியில் வரைந்தது. மடியில் குழந்தை. குழந்தை என்று சொல்லமுடியாத நீளம். தலை தொங்க, கை தொங்க, செத்ததுபோல் உறங்கியது. எந்த நொடியும் வழுக்கி விழுந்துவிடும். அவள் அதைப் பிடிக்கவில்லை. விரல்களை மார்பில் வைத்து அழகு காட்டிக்கொண்டிருந்தாள்.

அந்த விரல்களில் எலும்பு இல்லை.

பின்னால் தூண்கள். தூண்களின் மேல் எதுவும் இல்லை.

பார்க்கச் சகிக்காமல் பென்சிலைக் கீழே வைத்தான்.

போன வாரம் காட்டிய படங்கள் இப்படி இல்லை. இதற்கு முந்தைய தலைமுறை வரைந்தவை. அவற்றில் ஆட்கள் தங்கள் கால்களில் நின்றார்கள். கண்ணை எங்கே வைத்தாலும் அங்கே தரை இருந்தது. மனித உடம்பு இவ்வளவு சரியானதா என்று, அன்று பஸ்ஸில் தன் முழங்கையைப் பார்த்துக்கொண்டே வீட்டுக்குப் போனான்.

"சரியா வரையறதை முன்னாடி இருந்தவங்களே முடிச்சிட்டாங்க," என்றார் செலின் மேடம். "அப்புறம் வந்தவங்க என்ன செய்வாங்க? இழுத்தாங்க."

"சூயிங்கம் மாதிரியா மேடம்?" பின்வரிசையில் ஒருவன்.

வகுப்பு சிரித்தது. மேடமும் சிரித்தார்.

"அப்படித்தான்னு வெச்சுக்கோ. ஆனா கை தவறி இழுக்கலை. சரியான அளவு என்னன்னு இவங்களுக்கு நல்லாத் தெரியும். தெரிஞ்சே இழுத்தாங்க. மேனரிசம்னா அதுதான்."

அவன் சிரிக்கவில்லை.

மத்தியானம் அவனும் ஒரு கழுத்தை இழுத்திருந்தான்.

அவன் வேலை பார்ப்பது கல்யாண ஆல்பம் செய்யும் ஸ்டூடியோவில். மணப்பெண்ணின் அம்மா அவன் பக்கத்தில் நாற்காலியை இழுத்துப் போட்டு, கம்ப்யூட்டர் திரையில் விரலை வைத்தே பேசினார்.

"அட்டிகை மேல காசுமாலை கெடக்கு. காசுமாலை மேல ஆரம் கெடக்கு. போட்டும் போடாத மாதிரி இருக்கு பாருங்க தம்பி."

அவன் மவுஸைப் பிடித்துக் கழுத்தை இழுத்தான்.

"இன்னும் கொஞ்சம்."

"கழுத்து ரொம்ப நீளமாயிரும்மா."

"ஆகட்டும். ஒட்டகமாவா ஆயிரும்? அவ அப்பன் வீட்டுக் கழுத்து. அமுங்கிப் போய்க் கெடக்கு."

இழுத்தான். நகைகள் ஒன்றையொன்று விட்டு விலகின. அட்டிகை தனியாக, காசுமாலை தனியாக, ஆரம் தனியாக. அவற்றுக்கு மேலே, எங்கோ, ஒரு முகம்.

அம்மாவுக்குத் திருப்தி. படியிறங்கிப் போனார்.

மணப்பெண் மீனலோசனி மட்டும் கதவருகே நின்றாள். கல்யாணம் முடிந்து நாலு நாள்கூட ஆகவில்லை. கையில் மருதாணி அப்படியே இருந்தது.

"அண்ணா, இதைப் பெருசாக்கி மாமியார் வீட்டு ஹால்ல மாட்டப் போறாங்க. தெனமும் நான் அதுக்குக் கீழதான் நடக்கணும். என் கழுத்தை அப்படியே விட்டுருங்கண்ணா."

அவன் திரைப் பக்கம் திரும்பிக்கொண்டான்.

வகுப்பு முடிந்ததும் அவன் வீட்டுக்குப் போகவில்லை. நேராக ஸ்டூடியோவுக்கு வந்தான். இழுத்த படத்தை மூடினான். கேமராவில் எடுத்த அசல் படத்தைத் திறந்தான்.

கழுத்து இறங்கி, தோளில் உட்கார்ந்தது.

நிம்மதி வரும் என்று பார்த்தான்.

யாரோ அவள் தலையில் கைவைத்து அழுத்தியதுபோல் இருந்தது. தாடைக்குக் கீழே இடமே இல்லை. அந்த இல்லாத இடத்தில் மூன்று நகைகள் ஒன்றன்மேல் ஒன்றாக ஏறிக் கிடந்தன. வேர்வையில் தோல் மடிந்து, மடிப்பில் பவுடர் திரண்டிருந்தது.

வேறு படத்தைத் திறந்துவிட்டோமோ? சரிபார்த்தான்.

இல்லை. அவள்தான். கல்யாணத்தன்று முகூர்த்தத்தில் சிரித்தபடி நின்றவள். எந்தத் தப்பும் செய்யாதவள்.

அவளைப் பார்க்க அருவருப்பாக இருந்தது.

கண்ணைத் துடைத்துக்கொண்டு மறுபடி பார்த்தான். தண்ணீர் குடித்துவிட்டு வந்து பார்த்தான். அருவருப்பு போகவில்லை.

"என்னடா, முடிஞ்சுதா? பிரேம் கடைக்காரன் ரெண்டு தடவை போன் பண்ணிட்டான்." முதலாளி குணசேகரன் பாதி ஷட்டரை இறக்கியிருந்தார்.

"இதோ, ஒரு நிமிஷம் சார்."

கொஞ்சம் இழுத்தான். மிகக் கொஞ்சம். அம்மா கேட்டதில் பாதிகூட இல்லை. தாடை அட்டிகையை விட்டு எழும்ப வேண்டும், அவ்வளவுதான். அது எழும்பியது. அவனுக்கு மூச்சு வந்தது.

ஆரமும் விலகினால் நன்றாயிருக்கும்.

விலக்கினான்.

"அனுப்பிடலாம் சார்."

குணசேகரன் வந்து எட்டிப் பார்த்தார். "பொண்ணு லட்சணமா இருக்குடா," என்று சொல்லி, பட்டனைத் தட்டினார்.

போனை எடுத்தான். மீனலோசனி மாலையிலேயே கேட்டிருந்தாள்: அண்ணா, மாத்திட்டீங்களா?

'உங்க கழுத்தை அப்படியே விட்டுட்டேன்மா' என்று எழுதினான்.

எழுதும்போது, அது பொய் என்று அவனுக்குத் தோன்றவே இல்லை.