சூசைதாசனின் ஓர்கெஸ்ட்ரா

“பாட்டுக் கொப்பியோ? அதைப் பஸ்ரியன் முந்தநாளே வந்து வாங்கிக்கொண்டு போட்டானே பிள்ளை!”

அன்ரியின் பார்க்டேல் அப்பார்ட்மென்ற் வாசலில் நின்ற றோஸ்மேரி செருப்பைக் கழற்றாமலே கேட்டாள்.

“ஏன் அன்ரி குடுத்தனீங்கள்? நான் ஞாயிற்றுக்கிழமை வாறன் எண்டு சொன்னனான் எல்லே?”

“அவனும் நாடகத்தைப் பற்றி எழுதிற ஆள்தானே. ரெண்டு பேரும் ஒண்டாத்தான் செய்யிறியள் எண்டு நினைச்சன்,” என்றாள் அருள்நாயகி அன்ரி.

ஒண்டாவா!

நாலு வருஷமாக, பகலில் பக்டரி, பின்னேரம் யூனிவர்சிட்டி என்று அலைந்து றோஸ்மேரி ஒரு ஆய்வு எழுதிக்கொண்டிருந்தாள். அவளுடைய அப்பா சூசைதாசனைப் பற்றிய ஆய்வு. ஐம்பதுகளில் யாழ்ப்பாண மேடைகளில் ராஜா வேஷம் கட்டியவர். அதைவிடப் பெரிய பெயர் ஒன்றும் அவருக்கு இருந்தது. பதினாலு வாத்தியக்காரர்களை மேடைக்கு முன்னால் இருத்தி, முழு நாடகத்துக்கும் தானே இசை எழுதியவர்.

அந்த இசையை எழுதி வைத்த நோட்டுக் கொப்பி, அப்பாவோடு நடித்த அருள்நாயகி அன்ரியின் பெட்டிக்குள் இருப்பது போன கிழமைதான் தெரிய வந்தது. அப்பாவின் இசையைப் பற்றிய மூன்றாம் அத்தியாயத்துக்கு அதுதான் உயிர்.

அதற்குள் பஸ்ரியன் புகுந்துவிட்டார்.

இவள் செய்த பிழைதான். தமிழ்ப் பேப்பர்களில் நாடக வரலாறு எழுதுகிற மனுசன் என்று நம்பி, வாசித்துப் பார்க்கச் சொல்லி மூன்றாம் அத்தியாயத்தைக் கொடுத்தாள். கொப்பி அன்ரியிடம் இருப்பது தெரிந்த சந்தோஷத்தையும் வாய் விட்டுச் சொன்னாள். அத்தியாயத்தைத் திருப்பித் தரும்போது அவர் ஒரு பிழைகூடச் சொல்லவில்லை. முகத்தைப் பார்க்காமல், “எப்ப யூனிவர்சிட்டிக்குக் குடுக்கிறியள்?” என்று மட்டும் கேட்டார்.

ஏன் கேட்டார்? முந்திக்கொள்ளத்தானே!

அன்ரி வீட்டிலிருந்து திரும்பிய அன்றைக்கே அவருக்குப் போன் எடுத்தாள்.

“அருள்நாயகி அன்ரியிட்டை வாங்கின கொப்பி உங்களிட்டை இருக்கோ, அண்ணை?”



“இல்லைத் தங்கச்சி. அப்பிடி ஒண்டும் என்னட்டை இல்லை.”

பச்சைப் பொய்!

சனிக்கிழமை ரெயின் பிடித்து, அஜக்ஸில் இருந்த பஸ்ரியன் வீட்டுக்கே போய் இறங்கினாள். கதவைத் திறந்தது பஸ்ரியனின் மனைவி கிளடிஸ்.

“அவர் ஓவர்டைம். பின்னேரம்தான் வருவார். நீங்கள்…?”

“றோஸ்மேரி. நடிகர் சூசைதாசன்ரை மகள். உங்கட மனுசன் களவெடுத்த கொப்பிக்கு வந்திருக்கிறன். தராட்டி, கள்ளன் எண்டு எல்லாப் பேப்பருக்கும் எழுதுவன்!”

கிளடிஸ் கோபப்படவில்லை. உள்ளே போய் ஒரு துணிப்பையோடு வந்தாள்.

“உங்களுக்குக் காட்ட வேண்டாம் எண்டவர். ஆனா, கள்ளன் எண்ட பேர் அவருக்கு வரக் கூடாது. வாசியுங்கோ.”

றோஸ்மேரி பைக்குள் இருந்த கொப்பியை எடுத்து நின்றபடியே விரித்தாள். வயலினுக்கு ஒரு வரி, கிளாரினெற்றுக்கு ஒரு வரி, ஆர்மோனியத்துக்கு ஒரு வரி. பக்கம் பக்கமாக ஒரே கையெழுத்து.

அப்பாவின் கையெழுத்து இல்லை.

ஒவ்வொரு பாட்டுக்குக் கீழும் திகதி போட்டு, ‘ம. சவரிமுத்து’ என்று எழுதியிருந்தது. அப்பாவின் கையெழுத்து கடைசிப் பக்கத்தில் மட்டும் இருந்தது:

‘சவரி, நோட்டீசில் என் பெயரை மாத்திரம் போட்டதற்குக் கோபிக்காதே. ராஜாவே இசையும் எழுதினான் என்றால்தான் சனம் வரும். அடுத்த நாடகத்தில் உன் பெயரும் வரும்.’

வரவில்லை. அப்பாவின் நோட்டீஸ் அத்தனையும் அவளிடம் இருந்தன. ஒன்றில்கூட அந்தப் பெயர் இல்லை.

றோஸ்மேரி அந்தப் பக்கத்தைக் கிளடிஸுக்குக் காட்டினாள்.

“இதை ஏன் மறைச்சவர்?”

“ஒரு மகள் தகப்பனைப் பற்றி ஆசையா எழுதிறாள், நான் அதை உடைக்க மாட்டன் எண்டவர்.”

“ஆர் இந்தச் சவரிமுத்து? பாவம், அவருக்கும் பிள்ளையள் இருந்திருக்குமே!”

கிளடிஸ் மெல்லச் சொன்னாள்:

“இவரின்ரை அப்பா.”