கொலுசுக்கு வாய்த்த கால்

வெள்ளவத்தை ஃப்ளாட்டின் ஜன்னலோரம் ரூபிகா போனும் கையுமாகத் தரையில் குப்புறப் படுத்திருந்தாள். இணையத்தில் கொலுசு விற்கத் தொடங்கியும் ஒரு சோடிகூடப் போகவில்லை. மேலிருந்து எடுத்த படங்களில் எந்தக் காலும் கட்டையாகத்தான் தெரிந்தது.

"குதிக்காலைக் கொஞ்சம் தூக்குங்கோ. விரலை ஆட்டாதேங்கோ."

"கெதியா எடு, கால் விறைக்குது."

"இன்னும் ஒரு சொட்டுத் தேங்காயெண்ணெய். அவ்வளவுதான்."

போனைத் தரையோடு வைத்துப் பக்கவாட்டில் எடுத்தாள். வெயிலே படாத அந்தப் பாதங்கள் வழுவழுவென்று மின்னின.

படத்தை ஏற்றிய கையோடு கனடாவிலிருந்து ஒரு பெண்மணி அழைத்தார்.

"கொலுசு எனக்கு வேணும் பிள்ளை. அதோட ஒண்டு கேக்கட்டே? விரலில மெட்டியைக் காணேல்லை. அந்தப் பிள்ளைக்கு எங்கயும் பேசியாச்சோ? என்ர மகனுக்குத்தான். காலைப் பாத்தாலே குணம் தெரியுது."

ரூபிகா போனைப் பொத்திக்கொண்டு சமையலறைப் பக்கம் குரல் கொடுத்தாள்.

"அம்மா, அப்பாவுக்கு ஒரு சம்பந்தம் வந்திருக்கு."

வங்கியில் இருந்த காலமெல்லாம் சொக்ஸும் சப்பாத்துமாகத் திரிந்த நாகேந்திரம், சவரம் செய்த கணுக்கால் எரிய, கொலுசைக் கழற்றிக்கொண்டிருந்தவர் திடுக்கிட்டு நிமிர்ந்தார்.

உள்ளே தாளிக்கும் சத்தம் ஓயவில்லை.

"சீதனம் கேக்கினமோ எண்டு முதல்ல விசாரி," என்றாள் அம்மா.