அரைப்பேர்

தன் பெயர் குழாய் ஸ்பீக்கரில் வரப்போகிறது என்று கணக்கப்பிள்ளை கணேசமூர்த்தி கோட்டு மாட்டிக்கொண்டு வந்து கடைவீதி நடுவில் நின்றார்.

பக்கத்தில் அவர் மகளைத் தன் மகனுக்குப் பெண் பார்க்க வலப்பனைப் பக்கமிருந்து வந்த கண்டாக்கையா. கணக்கப்பிள்ளைக்கு இரண்டு படி மேலான உத்தியோகம். கண்டாக்கையாவின் மனைவி சண்முகவடிவு கழுத்து நிறைய நகையோடு நின்றிருந்தார்.

காலையிலிருந்து நாலு வகைப் பலகாரம் உள்ளே போயிருந்தது. சம்மதம் மட்டும் வெளியே வரவில்லை. எதைக் கேட்டாலும் அந்த அம்மா தலையை மட்டும் ஆட்டினார். அது ஆமாவா இல்லையா என்று கணக்கப்பிள்ளைக்குப் புரியவில்லை.

கடைசியாக அவர் நம்பியது ஸ்டேசனைத்தான்.

ஸ்டேசன் என்றதும் பெரிதாக நினைத்துவிட வேண்டாம். றோலண்டின் ரேடியோ ரிப்பேர் கடைதான். ஒரு மைக், ஒரு கிராமபோன், தகரக் கூரையில் இரண்டு குழாய். சுதந்திரம் கிடைத்துப் பத்து வருஷம் கழித்துத் தொடங்கினான். முதல் ஒலிபரப்பு, காணாமல்போன அவன் ஆட்டைப் பற்றியது. ஆடு கிடைக்கவில்லை. ஆனால் தன் பெயரையும் குழாயில் கேட்க வேண்டும் என்று ஊருக்கே ஆசை வந்துவிட்டது. ஞாயிறு மத்தியானம் வாழ்த்து, பாட்டு, மரண அறிவித்தல் எல்லாம் உண்டு. கொழும்பு வானொலியைவிடத் தெளிவாகக் கேட்கும். கடைவீதியைத் தாண்டினால் கேட்காது, அவ்வளவுதான்.

அறிவிப்பாளர் தெரேசா. மற்ற நாட்களில் கணேசமூர்த்தி மேற்பார்க்கும் தேயிலை மலையில் கொழுந்து பறிப்பவள். அது அவருக்குத் தெரியும். அதனாலென்ன என்று இருந்துவிட்டார்.

முதல்நாள் சனிக்கிழமை விடாத மழை. நிறுவையில் கொழுந்து கொஞ்சம் குறைந்ததும் ஈவிரக்கமில்லாமல் எல்லாப் பெண்களுக்கும் அரைப்பேர் போட்டிருந்தார். தோட்டத்தில் பேர் என்றால் ஒரு நாள் கூலி. நாள் முழுக்க நனைந்துவிட்டுப் பாதிக் கூலி வாங்கினால் யாருக்குத்தான் வயிறு எரியாது?

குழாய் கரகரத்தது.

"அன்பான நேயர்களே, இன்று ஐம்பதாவது பிறந்தநாளைக் கொண்டாடுபவர், கணக்கப்பிள்ளை திரு. கணேச..."

அதோடு நின்றுவிட்டது.

றோலண்ட் மைக்கைத் தட்டிப் பார்த்தான். மைக் நன்றாகத்தான் இருந்தது. கணக்கப்பிள்ளை 'மூர்த்தி'க்காக அண்ணாந்து பார்த்துக் காத்திருந்தார்.

நிறுத்தியவள் தெரேசாதான். விடிந்தால் பெரட்டில், வேலைக்கு ஆள் பிரிக்கும்போது, இந்த மனிதர் முன்னால்தான் போய் நிற்க வேண்டும். வேலை போகலாம். வேலையோடு குடியிருக்கும் லயத்துக் காம்பிராவும் போகலாம். எல்லாம் தெரிந்துதான் வாயைத் திறந்தாள்.

"ஐயாவுக்கு இன்னைக்கு அரைப்பேருதானுங்க."

கடைவீதியில் எல்லாரும் குழாயை நிமிர்ந்து பார்த்தார்கள். பிறகு மரக்கறிக் கடைப் பக்கம் ஒரு பெண் சிரித்தாள். சிரிப்பு அங்கிருந்து கள்ளுத் தவறணை வரைக்கும் போனது.

கணக்கப்பிள்ளைக்கு முகம் கறுத்தது. நாளைக்கு அவளைப் பார்த்துக்கொள்கிறேன் என்று பல்லைக் கடித்தார். சம்பந்தம் கைநழுவிவிட்டதோ என்று பயந்துபோய்த் திரும்பினார். கண்டாக்கையா என்னவோ வானத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

சண்முகவடிவு அன்றைக்கு முதல் தடவையாகப் பேசினார்.

"எத்தன றாத்தல் கொறஞ்சிச்சுங்க, சம்பந்தி?"

சம்பந்தி என்ற சொல் காதில் விழுந்ததும் கணக்கப்பிள்ளையின் கோபம் போன இடம் தெரியவில்லை. அசட்டுச் சிரிப்போடு தலையைச் சொறிந்தார்.

"அந்தப் புள்ளைய ஒண்ணும் செஞ்சிராதீங்க" என்றார் அந்த அம்மா. "நான் கொழுந்தெடுத்த காலத்துல, ரெண்டு றாத்தல் கொறஞ்சதுக்கு எனக்கும் அரைப்பேர் போட்டாரு, இந்தா நிக்கிறாரே, எங்க வீட்டுக்காரரு. அன்னையிலேருந்து நான் இவரு பேரையே சொல்றதில்ல. மரியாதைன்னு நெனச்சிக்கிட்டு இருக்காரு."